நீர் படுமுன் கரைந்த பொருள்: அசிமோவின் தயோதிமோலின் கட்டுரை பற்றிய ஒரு திறனாய்வு

இல்லாத பொருளைப் பற்றிப் பேசுதல் எல்லா மொழியினர்க்கும் பொதுவாகிய ஒரு வழக்கு. தருக்க நூலார் இன்மைக்கு எடுத்துக்காட்டாக முயற்கொம்பையும் ஆகாயத் தாமரையையும் காட்டுவர். அணிநூலார் இல்பொருளுவமை என ஒன்றை வகுத்து, உலகில் இல்லாததொன்றைப் புலவன் உவமையாக்கிக்கொள்ள இடந்தந்தனர். முன்னவர்க்கு இல்பொருள் விலக்கத்தக்கது. பின்னவர்க்கு அது வேண்டப்படுவது. ஆயின், முயற்கொம்பை எடுத்து அதன் நீளம் இத்துணை, நிறை இத்துணை என அளந்து, அளவைகளை அட்டவணையாக்கி, முன்னை ஆய்வாளர் நூல்களையும் துணைக்கு அழைத்து ஒருவன் எழுதுவானாயின் அதனை எவ்வகையில் அடக்குவது? அத்தகைய சிறு கட்டுரையொன்று ஆங்கிலத்தில் உண்டு. அதனை எழுதியவர் ஐசாக் அசிமோவ். வெளிவந்தது 1948ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில். ‘மீளப் பதங்கமாக்கிய தயோதிமோலினின் அகக்கால இயல்புகள்’ என அதன் தலைப்பைத் தமிழிற் கூறலாம். பக்க அளவாற் சிறிதாயினும், கல்வித்துறையில் நிற்போர் அனைவரும் ஒருமுறை எண்ணிப் பார்க்கவேண்டிய ஒன்றை அது தன்னகத்தே கொண்டுள்ளது என்பது எமது கருத்து. அதனை ஆராய்தலே இங்கு நோக்கம்.

காலத்தை வெல்லவல்ல பொருளொன்று உலகில் எங்கோ மறைந்து கிடக்கிறது என்னும் எண்ணம் மிகப் பழையது. ஐரோப்பிய இரசவாதிகள் தேடிய கல், இழிந்த உலோகத்தைப் பொன்னாக்குவதோடு மனிதன் ஆயுளையும் நீட்டும் என நம்பப்பட்டது. நம்மவருள்ளும் இரசத்தைக் கட்டி மணியாக்கும் முயற்சியும், நரை திரை நீக்கும் கற்பங்களைத் தேடும் முயற்சியும் இருந்தன. இவற்றின் அடியில் நிற்பது சாவை அஞ்சும் மனித உள்ளம். விஞ்ஞானம் வளர்ந்த பின்னரும் இவ்வெண்ணம் அழிந்ததில்லை. உடையை மட்டும் மாற்றிக்கொண்டது. எச். ஜி. வெல்ஸ் 1901ஆம் ஆண்டில் எழுதிய ‘புதிய விரைவூக்கி’ என்னும் சிறுகதையில், ஒரு மருந்தை உண்டோர் பன்மடங்கு விரைவுடன் இயங்குகின்றனர். அவர்க்கு உலகம் அசைவற்று நின்றுவிடுகிறது. கல் மருந்தாயிற்று, மந்திரவாதி பேராசிரியராயினான். ஆயினும் அது கதையாகவே நின்றது. கடற்கரைப் பட்டினத்து மாந்தரும், வாத்தியக் குழுவினரும், அளவுகடந்த வேகத்தாற் கருகும் உடைகளும் அங்கே நம் கண்முன் நிற்கின்றன. படிப்போர்க்குத் தாம் ஒரு கதைக்குள் இருக்கிறோம் என்பதில் ஐயமில்லை. அசிமோவ் அகற்றியது அந்த உறுதியையே.

கட்டுரை பிறந்த வரலாறு சுவையானது. உருசிய நாட்டிற் பிறந்து, குழந்தைப் பருவத்திலேயே பெற்றோருடன் 1923இல் அமெரிக்கா சென்ற அசிமோவ், 1947இல் நியூயோர்க்கு நகரத்துக் கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் இரசாயனவியலிற் கலாநிதிப் பட்டத்திற்கு ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார். நொதியங்கள் பற்றிய அவ்வாய்வின்போது கற்றக்கோல் என்னும் வெண்ணிறப் பளிங்குப் பொருளை நீரில் அடிக்கடி கரைக்க வேண்டியிருந்தது. அது நீரிற் பட்டவுடனே மறைந்து போகும் இயல்பினது. இன்னும் சற்று எளிதிற் கரைவதாயின் நீரைத் தொடுமுன்னரே கரைந்துவிடுமே என்னும் எண்ணம் அவர்க்கு ஒருநாள் தோன்றிற்று. அக்காலத்தில் ஆய்வேடு எழுதத் தொடங்கவேண்டிய நிலையில் இருந்த அவர், பல ஆண்டுகள் கதையெழுதிப் பழகிய தம் கை ஆய்வேட்டிற்குரிய வறண்ட நடையை மறந்திருக்குமோ என அஞ்சினார். அந்நடையில் விளையாட்டாக ஒரு பயிற்சி செய்து பார்ப்போம் என எழுதியதே இக்கட்டுரை.

அதன் பொருளைச் சுருங்கக் கூறுவோம். தயோதிமோலின் என்பது ஒருவகைச் செடியின் பட்டையிலிருந்து பிரித்தெடுக்கப்படும் பளிங்குப் பொருள். பெயரின் முற்பகுதி கந்தகத்தைக் குறிக்கும் இரசாயன வழக்கு. பிற்பகுதியில் காலத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல் ஒளிந்திருக்கிறது. நன்கு தூய்மைப்படுத்தப்பட்ட தயோதிமோலின், நீர் சேர்க்கப்படுவதற்கு 1.12 செக்கன் முன்னர்க் கரைந்துவிடும். இதுவே கண்டுபிடிப்பு. இதனை அளப்பதற்கென ஒரு கருவி விவரிக்கப்படுகிறது, அளவைகள் அட்டவணையாகின்றன, வரைபுகள் தரப்படுகின்றன, ஈற்றில் முன்னை ஆய்வாளர் கட்டுரைகள் சஞ்சிகைப் பெயர், பக்க எண், ஆண்டு ஆகியவற்றுடன் நிரல்படுத்தப்படுகின்றன.  அந்தச் செடியும் இல்லை, அப்பொருளும் இல்லை, அதனை ஆராய்ந்த கட்டுரைகளும் இல்லை.

இக்கட்டுரையின் கலைத்திறன் எங்கே இருக்கிறது? முதலாவது, அதன் அடக்கத்தில். கதையாசிரியன் ஒரு புதுமையைக் கூறப் புகும்போது தானே வியந்து, படிப்போரையும் வியக்கத் தூண்டுவது வழக்கம். இங்கு வியப்புக்கு இடமில்லை. உலகத்து நியதியைத் தலைகீழாக்கும் செய்தி ஓர் எண்ணாக, அவ்வெண்ணின் முன் நிற்கும் ஒரு கழித்தற்குறியாக வந்து போகிறது. மந்திரம் முழுவதும் அச்சிறு கோட்டினுள் அடங்கிவிட்டது. பழைய கதைகளில் அரிய மணியைக் காக்க நாகமும் பூதமும் வேண்டியிருந்தன. இங்கே அட்டவணையின் நான்கு கோடுகளே காவல். இரண்டாவது, அளவையின் நுண்மையில். ‘சற்று முன்னர்’ எனக் கூறியிருப்பின் நாம் நகைத்து விடுத்திருப்போம். 1.12 என்னும்போது, அந்தத் தசம தானம் நம் வாயை அடக்கிவிடுகிறது. இத்துணை நுட்பமாக அளந்தவன் பொய் கூறுவானோ என மனம் மயங்குகிறது. மூன்றாவது, மேற்கோளில். தனியொருவன் கூற்றை ஐயுறலாம். பலர் கூடிக் கூறினர் என்றால் ஐயுற நாணுகிறோம்.

எனவே இக்கட்டுரை காலத்தைப் பற்றியது எனக் கொள்வது மேலோட்டமான வாசிப்பாகும். காரணத்திற்கு முன்னே காரியம் நிகழும் ஒரு பொருளைக் காட்டி, அதே வேளையில் சான்றுக்கு முன்னே நம்பிக்கை நிகழும் ஒரு மனத்தை அது பிடித்துக்காட்டுகிறது. நீர் படுமுன் கரைவது தயோதிமோலின் மட்டுமன்று. மெய்ப்பிக்கப்படுமுன் கரைவது படிப்போன் உள்ளமுமாம். கட்டுரையின் உருவமும் பொருளும் இவ்வாறு ஒன்றாகின்றன. இதனாலேயே இதனை வெறும் வேடிக்கை எனத் தள்ள எமக்கு மனம் வரவில்லை.

இதனை எவ்வகை இலக்கியத்துள் அடக்குவது என்னும் வினாவுக்கு நம் பழைய நூலிலேயே விடையுண்டு. தொல்காப்பியர் செய்யுளியலில் உரையின் வகைகளை எண்ணும்போது, உலகியல் மரபிற்குப் பொருந்தாத பொய்ப் புனைவையும், உட்பொருள் ஒன்று தழுவி வரும் நகைப் புனைவையும் வெவ்வேறாக வைத்தார். முன்னது கேட்டு மகிழ்தற்குரியது. பின்னது நகைத்தபின் எண்ணுதற்குரியது. அசிமோவின் கட்டுரை முதல்வகையின் தோற்றத்தையும் இரண்டாம் வகையின் பயனையும் உடையது. கதைமாந்தர் இல்லை, நிகழ்ச்சி இல்லை, உரையாடல் இல்லை. ஆதலால் இது கதையன்று என்பார் கதைக்குரிய ஒரே அச்சில் எல்லாவற்றையும் வார்க்க முயல்வோர். பொய் கூறும் ஒருவனும், அதனை நம்பும் ஒருவனும் இருந்தாற் போதும். கதைக்கு வேண்டிய மாந்தர் வந்துவிட்டனர். இங்கே முதலாமவன் கட்டுரையின் முகமறியா ஆய்வாளன், இரண்டாமவன் நாம்.

நாம் இரண்டாமவராக நிற்பது வெறுங் கற்பனையன்று என்பதற்கு நியூயோர்க்கு நகரமே சான்று. கட்டுரை வெளிவந்தபின், அதில் நிரல்படுத்தப்பட்ட சஞ்சிகைகளைத் தருமாறு இளைஞர் பலர் அந்நகரத்துப் பொது நூலகத்திற் கேட்டுநின்றனர் என்றும், அப்படிப்பட்ட சஞ்சிகைகள் இல்லையென நூலகத்தார் கூறியும் அவர்கள் நம்ப மறுத்தனர் என்றும் அசிமோவ் பின்னர் எழுதினார். கட்டுரையை வெளியிட்டதோ விஞ்ஞானச் சஞ்சிகையன்று. ‘அஸ்டவுண்டிங் சயன்ஸ் பிக்ஷன்’ என்னும் விஞ்ஞானக் கதைச் சஞ்சிகை. வாயிலிலேயே ‘இது புனைவு’ என எழுதப்பட்ட மனைக்குள் நுழைந்தவரும் ஏமாந்தனர் என்றால், எழுதப்படாத மனைக்குள் நுழைவோர் நிலை யாது?

அசிமோவ் தாமும் அஞ்சினார். பட்டத்திற்கான வாய்மொழித் தேர்வு அண்மிவிட்டமையால், தேர்வாளர்கள் இதனைத் தம் துறைக்கு இழுக்கெனக் கருதுவரோ என எண்ணிப் புனைபெயரில் வெளியிடுமாறு சஞ்சிகை ஆசிரியர் ஜோன் கம்பெலைக் கேட்டிருந்தார். அவரும் இசைந்தார். ஆனால் கட்டுரை அசிமோவின் சொந்தப் பெயரிலேயே வெளிவந்துவிட்டது. 1948 மே மாதத்தில் நிகழ்ந்த தேர்வின் முடிவில், தேர்வாளர் ஒருவர் முகத்திற் சிரிப்பின்றித் தயோதிமோலினின் வெப்பவியக்கவியற் பண்புகளை விளக்குமாறு கேட்டனர். தோற்கடிக்க எண்ணியவர் இவ்வாறு கேட்கமாட்டார் என உணர்ந்த அசிமோவ் அடக்கமுடியாமற் சிரித்தார். சற்று நேரத்திற் கலாநிதியுமானார். தம் துறையின் நடையைத் தம் மாணவன் எள்ளியதைக் கண்டு உடன்நகைத்த அத்தேர்வாளரின் பெருந்தன்மையை ஆசிரியர்களாகிய நாம் கருத்திற் கொள்ளல் வேண்டும். எள்ளலைத் தாங்கும் வலிமை உள்ள கல்வியே உயிருள்ள கல்வி.

இவ்விடத்தில் எமது அனுபவம் ஒன்றைக் கூறுதல் பொருந்தும். சில ஆண்டுகளுக்கு முன்னர் உயர்தர வகுப்பு மாணவர்க்குச் சுருக்கம் எழுதும் பயிற்சியாக இக்கட்டுரையின் சாரத்தைத் தமிழில் எழுதிக் கொடுத்தோம். அட்டவணையொன்றையும் மேற்கோள் நிரலையும் சேர்த்தோம். அது புனைவு என்பதை மட்டும் கூறவில்லை. எவர் ஐயுறுவர் எனக் காண்பதே நோக்கம். ஏறத்தாழ எல்லோரும் ஒழுங்காகச் சுருக்கி எழுதினர். விஞ்ஞானத்திற் சிறந்த மாணவனொருவன் அச்செடி இலங்கையில் வளருமா என வகுப்பு முடிந்தபின் வந்து கேட்டான். பின் வாங்கில் இருந்த ஒரு மாணவன் மட்டும் சுருக்கத்தை அரைகுறையாக விட்டு, அடியில் ஒரு வினாவை எழுதியிருந்தான்: பொருள் கரைந்ததைக் கண்டபின் நீரை ஊற்றாமலே விட்டுவிட்டால் என்ன நிகழும்? கேட்ட பணியைச் செய்யாது வேறொன்றை எழுதினான் எனக் கருதிச் சிவப்பு மையாற் கோடிட்டு, ‘புறம்பானது’ எனக் குறித்து, புள்ளியையும் குறைத்தோம்.

அக்காலத்தில் யாம் அசிமோவின் முதற் கட்டுரையை மட்டுமே படித்திருந்தோம். அவர் இப்பொருள் பற்றி மேலும் மூன்றுமுறை எழுதினார் என்பதை அறிந்து அவற்றையும் தேடிப் படித்தது பின்னரே. 1953இல் வெளிவந்த இரண்டாம் கட்டுரையிற் காபன் அணுவின் பிணைப்புக்களுள் ஒன்று இறந்தகாலத்திலும் ஒன்று எதிர்காலத்திலும் நிற்பதாக ஒரு விளக்கம் கூறப்படுகிறது. அதனைவிடச் சிறப்புடையது, அப்பொருள் மனிதனின் மனவுறுதியை அளக்கும் கருவியாவது. திடமாக நீரூற்றுவோன் கையிற் பொருள் உரிய காலத்திற்கு முன்னரே கரைகிறது. ஊற்றுவோமா விடுவோமா எனத் தயங்குவோன் கையில் அவ்விடைவெளி சுருங்குகிறது. 1960இல் வெளிவந்த மூன்றாவதில், கருவிகள் பல தொடராகப் பிணைக்கப்பட, இறுதிக் கருவியிற் பொருள் ஏறத்தாழ ஒரு நாள் முன்னதாகக் கரைகிறது. நாளை நடப்பதை இன்று அறியும் வழி பிறந்துவிடுகிறது. அப்போது எழுவது எந்த வினா? பின் வாங்கு மாணவன் எழுதிய அதே வினா. கரைந்தபின் நீரை மறுத்து அப்பொருளை ஏமாற்ற ஆய்வாளர் முயல்கின்றனர். எவ்வாறு முயன்றாலும் நீர் எவ்வழியிலேனும் வந்து சேர்ந்துவிடுகிறது. பெரும்புயலொன்றே எழுந்து வந்து அதனைச் சேர்ப்பதாகக் கட்டுரை கூறுகிறது.

அப்பக்கத்தைப் படித்தபோது யாம் வெட்கினோம். நூலாசிரியர் தம் கற்பனையை மேலே கொண்டுசெல்லத் தேர்ந்தெடுத்த வினாவை, எம் மாணவன் ஒருவன் தானாகவே கண்டிருந்தான். ஒரு கூற்றை அதன் எல்லைவரை கொண்டுசென்று, அது அங்கே உடைகிறதா என நோக்குதலே ஆராய்ச்சி. அதனை அவன் செய்தான். மற்றையோர் எழுதியிருந்ததை எழுதினர். யாமோ பின்னதற்குப் புள்ளி வழங்கி, முன்னதற்குக் குறைத்தோம். விடையை முன்னரே வகுத்துக்கொண்டு மாணவன் எழுதுவதை அதனோடு ஒப்பிட்டுப் பார்க்கும் எமது முறையும் ஒருவகைத் தயோதிமோலினே அன்றோ! செய்முறைக் கொப்பியில் முடிவை முதலில் எழுதி, அளவைகளைப் பின்னர் அதற்கு இசைய எழுதும் மாணவரை நாம் கடிகிறோம். அவர்கள் அதனை எவரிடம் கற்றனர் என நம்மை நாமே கேட்பதில்லை.

இன்னுமொன்றையும் மறைத்தல் தகாது. இதனை எழுதுவோன் வெளிவாரியாகக் கற்றுப் பட்டம் பெற்றவன். பகலிற் கற்பித்து, இரவில் மேசை விளக்கின்கீழ்ப் படித்த ஆண்டுகள் அவை. வேண்டிய நூல்கள் பல கிடைத்தில. கிடைத்த ஒரு நூலின் அடிக்குறிப்பில் வேறு பத்து நூல்களின் பெயர்கள் இருந்தன. அவற்றைக் கண்ணாலும் காணாத யான், தேர்வு விடைகளில் அவற்றைக் கண்டவன்போல எடுத்துக் காட்டினேன். எவரும் கேட்கவில்லை, புள்ளியும் கிடைத்தது. அவை உண்மையில் இருந்த நூல்களே. ஆயினும் எனக்கு அவை இருந்தனவா? அசிமோவின் மேற்கோள் நிரலைப் படித்துச் சிரித்தபோது அச்சிரிப்பு இடையிலே நின்றுவிட்டதற்குக் காரணம் இதுவே. அவர் இல்லாத நூல்களைக் காட்டி உண்மை உரைத்தார். யான் இருந்த நூல்களைக் காட்டிப் பொய்யுரைத்தேன்.

இனிக் குறைகளையும் கூறுதல் திறனாய்வாளன் கடமை. இரசாயனவியலில் ஓரளவேனும் பயிற்சி இல்லார்க்கு முதற் கட்டுரையின் நகையிற் பாதி விளங்காது. எள்ளப்படும் நடையை முன்னர் அறிந்தோரே எள்ளலைச் சுவைப்பர். இரண்டாம் கட்டுரையில் மனநோய் மருத்துவரைப் பற்றிய பகடி மெலிந்தது. மனவுறுதியை அளத்தல் என்னும் ஆழமான எண்ணத்தை எடுத்துக்கொண்டு, அதன் உள்ளே இறங்காது மேலாகவே நகைத்துச் செல்கிறார் ஆசிரியர். மூன்றாவது, சங்கக் கூட்டமொன்றில் நிகழ்த்திய உரையாக அமைந்தமையால், முதற் கட்டுரையின் முகமற்ற நடை கெட்டு, பேசுவோன் முகம் தெரியத் தொடங்குகிறது. 1971இல் மறைந்த கம்பெலின் நினைவாக 1973இல் வெளிவந்த தொகுதிக்கு எழுதிய நான்காவது, பட்டம் பெறும் விண்வெளி மாணவர்க்குத் தளபதியொருவர் ஆற்றும் உரையாக உள்ளது. அங்கே தயோதிமோலின் விண்கலங்களைச் செலுத்தும் பொருளாகிவிட்டது. வினாவை எழுப்பிய பொருள் வேலை செய்யும் பொருளாகியபோது அதன் கூர்மை மழுங்கிற்று. நான்கனுள்ளும் முதலதே தலையாயது. அதன் வலிமை அது கூறாமல் விட்டவற்றில் உள்ளது.

அசிமோவ் 1992இல் மறைந்தார். அவர் விளையாட்டாகச் செய்தது அதன்பின் வேறு உருவங்களிற் பலமுறை நிகழ்ந்துவிட்டது. 1996இல் அலன் சோக்கல் என்னும் பௌதிகப் பேராசிரியர், வேண்டுமென்றே பொருளற்ற ஒரு கட்டுரையை எழுதிச் பண்பாட்டாய்வுச் சஞ்சிகையொன்றுக்கு அனுப்ப, அது ஆராய்ச்சிக் கட்டுரையாகவே வெளியிடப்பட்டது. 2023இல் அதே நியூயோர்க்கு நகரத்து நீதிமன்றமொன்றில், கணினி புனைந்து கொடுத்த இல்லாத வழக்குத் தீர்ப்புக்களை மேற்கோளாகக் காட்டிய வழக்கறிஞர்களுக்கு 5000 டொலர் தண்டம் விதிக்கப்பட்டது. இன்று பெயர், ஆண்டு, பக்க எண் யாவும் பொருந்திய பொய் மேற்கோளை ஓர் இயந்திரம் கணப்பொழுதில் ஆக்கித் தருகிறது. நம் மாணவர் கையிலும் அவ்வியந்திரம் இருக்கிறது. அசிமோவ் தம் பொய்யைக் கதைச் சஞ்சிகையில் வைத்து நமக்கு ஓர் எச்சரிக்கையாக்கினார். இன்றைய பொய்க்கு அத்தகைய அடையாளம் எதுவும் இல்லை.

ஆதலால் இக்கட்டுரையை நம் மேல்வகுப்புக்களிற் கற்பித்தல் நன்று என்பது எமது துணிபு. விஞ்ஞான ஆசிரியரும் மொழியாசிரியரும் கூடியிருந்து கற்பித்தல் இன்னும் நன்று. கற்பித்தபின் மாணவரிடம் சுருக்கம் கேட்கவேண்டா. வினா கேட்குமாறு கேட்போம். அவ்வினாக்களுட் புறம்பானதுபோலத் தோன்றும் ஒன்று வருமாயின், சிவப்பு மையை எடுக்குமுன் சற்றுத் தாமதிப்போம். யாம் கோடிட்ட அவ்விடைத்தாள் இப்போது எம்மிடம் இல்லை. அம்மாணவனும் கல்லூரியை விட்டு நெடுநாளாயிற்று. அவன் இவ்விதழைக் காண்பானாயின், குறைத்த புள்ளியை இக்கட்டுரை வாயிலாகத் திருப்பித் தருகிறோம் என அறிவானாக.